சுண்டு விரல் மரத்தால் முழங்கையில் ஏன் ஆபரேஷன்? வேலூர்ப் பக்கம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காட்பாடிப் பக்கம் பிஸியோதெரபி செய்கிறேன். கத்தி எடுப்பவன் நானில்லை. ஆபரேஷனுக்கு முன்னாலும் பின்னாலும் கையைப் பிடித்துப் பார்க்கிற வேலை என்னுடையது. சுண்டு விரலும் மோதிர விரலும் மரத்துப்போய் வருகிறவர்கள் கேட்பது பெரும்பாலும் ஒரே கேள்விகள்தான். அவற்றை அவர்கள் கேட்டபடியே இங்கே எழுதியிருக்கிறேன். உங்கள் கையைத் தொட்டுப் பார்த்த மருத்துவர் வேறு சொன்னால் அவர் பேச்சைக் கேளுங்கள்.

மரத்துப்போறது விரல் சார். ஆபரேஷன் முழங்கையிலன்றாங்க. இன்னா கணக்கு இது?

கதவு நிலையில் முழங்கை இடித்து, சுண்டு விரல் வரைக்கும் ஷாக் அடித்த மாதிரி ஓடியிருக்கும் இல்லையா? அப்போது அடிபட்டது எலும்பு இல்லை, நரம்பு. அதன் பெயர் அல்நார் நரம்பு. கழுத்தில் கிளம்பி, மேல்கையின் உள்பக்கமாக இறங்கி, முழங்கையில் உடம்பை ஒட்டிய பக்கம் துருத்திக்கொண்டிருக்கும் எலும்பு முட்டுக்குப் பின்னால் ஒரு சின்னச் சந்துக்குள் நுழைந்து, முன்கை வழியாக உள்ளங்கைக்குப் போகிறது. சுண்டு விரலுக்கும் மோதிர விரலின் பாதிக்கும் உணர்ச்சி தருவது இதுதான். விரல்களை விரிக்க, சேர்க்க, சாவியைப் பிடித்துத் திருக உதவும் உள்ளங்கைச் சிறு தசைகளில் பெரும்பாலானவற்றுக்கும் இதுதான் கட்டளை கொண்டு போகிறது.

அந்தச் சந்தின் கூரை ஒரு நார்ப்பட்டை. முழங்கையை மடக்கும்போது பட்டை இறுகும், சந்து குறுகும், நரம்பும் நீண்டு இழுபடும். நாளெல்லாம் இப்படி நடந்தால் நரம்புக்கு ரத்த ஓட்டம் குறைந்து, அதன் மேலுறை நைந்து போகும். கோளாறு முழங்கையில், புகார் விரலில். தெருமுனைப் பெட்டியில் ஃப்யூஸ் போனால் வீட்டில் விளக்கு அணைவது மாதிரி.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நம் பேச்சில் ரத்தக்குழாயையும் நரம்பு என்கிறோம். "நரம்புல ஊசி போட்டாங்க" என்பது ரத்தக்குழாயில் போட்ட ஊசி. இங்கே நான் சொல்லும் நரம்பு புறங்கையில் பச்சையாகப் புடைத்துத் தெரிவது அல்ல. இந்தக் குழப்பத்தில், "நரம்பை வெட்டினா ரத்தம் நிக்காதாமே" என்று பயந்து ஒரு வருடம் தள்ளிப்போட்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

எனக்கு எதனால வந்துச்சு?

பல பேருக்குக் குறிப்பிட்ட காரணம் கிடைக்காது. காரணம் தெரிகிறவர்களில் நான் முதலில் கேட்பது: எப்படித் தூங்குகிறீர்கள்? கையை மடக்கித் தலைக்கடியில் வைத்துக்கொள்கிறவர்கள் விடியற்காலையில் மரத்த கையோடு எழுந்திருப்பார்கள். இரண்டாவது, செல்போனை எந்தக் கையில், எவ்வளவு நேரம் பிடிக்கிறீர்கள்?

பிறகு தொழில். குடியாத்தம் பக்கம் மடியில் முறத்தை வைத்து பீடி சுற்றும் பெண்களுக்கு இரண்டு முழங்கையும் நாள் முழுக்க மடங்கியே இருக்கும். ஆம்பூர், வாணியம்பாடியில் ஷூ தைக்கிறவர்கள் மிஷின் பலகையில் முழங்கையை ஊன்றுவார்கள். ஜன்னல் கட்டையில் முழங்கையைப் போட்டு லாரி ஓட்டுகிறவர்கள், கல்லா மேசையில் சாய்ந்தே இருக்கும் கடைக்காரர்கள், எல்லாரும் வருகிறார்கள். சர்க்கரை நோய் இருந்தால் நரம்பு கொஞ்ச அழுத்தத்தையும் தாங்காது.

பலர் சொல்ல மறக்கும் காரணம் ஒன்று உண்டு. சின்ன வயதில் மரத்திலிருந்து விழுந்து முழங்கை உடைந்திருக்கும். புத்தூர்க் கட்டோ மாவுக்கட்டோ, எது போட்டிருந்தாலும் சில பேருக்கு எலும்பு சரியாகச் சேராமல் கை வெளிப்பக்கம் வளைந்தே வளரும். வலி இருக்காது. நரம்பு மட்டும் வளைவைச் சுற்றி இழுபட்டுக்கொண்டே இருந்து, இருபது முப்பது வருடம் கழித்து விரல் மரக்க ஆரம்பிக்கும். "அது எப்பவோ ஆறாங்கிளாஸ் படிக்கறப்ப உடைஞ்சது சார்" என்பார்கள். அதைத்தான் மருத்துவரிடம் முதலில் சொல்ல வேண்டும்.

கழுத்து எலும்பு தேய்மானம்னு ஒருத்தர் சொன்னாரு. சர்க்கரையாலன்னு இன்னொருத்தர். யார நம்பறது?

மரப்பு எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று பேனாவால் கையில் கோடு போட்டுப் பாருங்கள். முழங்கை நரம்பு என்றால் மரப்பு மணிக்கட்டு ரேகையோடு ஏறக்குறைய நின்றுவிடும். சுண்டு விரல் பக்கத்துப் புறங்கையும் சேர்ந்து மரத்திருக்கும். முன்கையின் உள்பக்கமும் மரத்திருந்தால் கழுத்தையும் பார்க்க வேண்டும். உள்ளங்கைப் பக்கம் மரத்து, புறங்கை நன்றாக இருந்தால் நரம்பு மணிக்கட்டில் மாட்டியிருக்கலாம். கட்டை விரல், ஆள்காட்டி, நடுவிரல் மரத்தால் அது வேறு நரம்பு. சர்க்கரையால் வரும் மரப்பு பெரும்பாலும் இரண்டு பாதத்திலும் ஆரம்பித்துத்தான் கைக்கு வரும்.

ஒரே ஆளுக்கு இவற்றில் இரண்டு சேர்ந்து இருப்பதும் உண்டு. அதனால் இது ஒரு துப்புதானே தவிர, தீர்ப்பு இல்லை.

கொஞ்சம் மெதுவா கேக்கறேன்... இது தொழுநோயா இருக்குமா?

மெதுவாகக் கேட்க வேண்டியதில்லை, மற்ற ஊர்க்காரர்களைவிட நமக்கு இது நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும். தொழுநோய் அடிக்கடி தாக்கும் நரம்புகளில் இந்த அல்நார் நரம்பு முன்வரிசையில் இருக்கிறது. அந்தக் கிருமிக்கு உடம்பில் குளிர்ந்த இடங்கள்தான் பிடிக்கும். முழங்கைக்குச் சற்று மேலே இந்த நரம்பு தோலை ஒட்டி ஓடுவதால் அங்கே வந்து குடியேறும். நரம்பு தடித்துக் கயிறு மாதிரி கைக்குத் தட்டுப்படும்.

கொல்லிமலையில் 1914இல் பிறந்த பால் பிராண்ட் என்ற ஆங்கிலேய அறுவை மருத்துவர் 1946இல் வேலூர் சி.எம்.சி.க்கு, அதாவது கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு வந்தார். தொழுநோயில் மடங்கிப்போன விரல்களை நோய் தின்றுவிட்டது என்றுதான் அப்போது நினைத்திருந்தார்கள். விரல் தசைகளுக்குப் போகும் நரம்பு செத்ததால்தான் அவை மடங்குகின்றன, முன்கைத் தசைகள் நன்றாகவே இருக்கின்றன என்பதைக் கவனித்த அவர், உயிரோடு இருக்கும் தசையின் நாணை (தசையை எலும்போடு இணைக்கும் கயிறு போன்ற பகுதி) எடுத்து விரலுக்கு மாற்றிக் கட்டினார். காட்பாடிக்குப் பக்கத்தில் 1955இல் தொடங்கிய கரிகிரி தொழுநோய் மருத்துவமனையும் அந்தப் பரம்பரையில் வந்ததுதான். உலகின் பல மூலைகளிலிருந்து மருத்துவர்கள் இதைக் கற்றுக்கொள்ள இந்த வெயிலுக்கு வந்தார்கள்.

இன்றைக்கு உங்களுக்கு அது ஏன் வேண்டும்? தொழுநோய் பொதுச் சுகாதாரப் பிரச்சினை என்ற நிலையைக் கடந்துவிட்டதாக இந்தியா 2005இல் அறிவித்தாலும், புது நோயாளிகள் இன்றும் கண்டுபிடிக்கப்படுகிறார்கள். உடம்பில் எங்காவது நிறம் வெளிறி, தொட்டால் தெரியாத படை இருக்கிறதா, முழங்கைக்கு மேல் நரம்பு தடித்து வலிக்கிறதா என்று பார்க்காமல் நேராக ஆபரேஷனுக்குப் போகக் கூடாது. தொழுநோய் என்றால் முதல் மருத்துவம் மாத்திரைதான். கூட்டு மருந்து ஆறு மாதம் அல்லது ஒரு வருடம், அரசு மருத்துவமனையில் இலவசம். நரம்பு வீங்கியிருந்தால் கூடவே ஸ்டீராய்டு தருவார்கள். மருந்தால் அடங்காத வலிக்கோ நரம்புக்குள் சீழ் கட்டினாலோதான் கத்தி.

என்சிவி டெஸ்ட்டுல ரொம்ப ஷாக் வைப்பாங்களாமே?

சுள்ளென்று இருக்கும், தாங்கலாம். நரம்பில் சின்ன மின்துடிப்பு விட்டு, அது எவ்வளவு வேகமாக ஓடுகிறது என்று அளக்கிறார்கள். முழங்கையைத் தாண்டும் இடத்தில் வேகம் நொடிக்கு 50 மீட்டருக்குக் கீழே இறங்கினால் அங்கே அடைப்பு என்று பொருள். கை குளிர்ந்திருந்தாலும் வேகம் குறைத்துக் காட்டும். வேலூர் வெயிலில் அந்தக் கவலை வேண்டாம் என்று நினைப்பீர்கள், ஆனால் ஒரு மணி நேரம் ஏ.சி. அறையில் காத்திருந்த கை ஐஸ் மாதிரி ஆகிவிடும். தேய்த்துச் சூடாக்கிக்கொண்டு போங்கள்.

ஆரம்பக் கட்டத்தில் டெஸ்ட் நார்மலாகவும் வரலாம். அதனால் நோய் இல்லை என்று ஆகிவிடாது.

ஆபரேஷன் இல்லாம சரியாகாதா?

ஆகும். மரப்பு வந்து வந்து போகிறது, பலம் குறையவில்லை என்றால் முதலில் ஆறு வாரம் முதல் மூன்று மாதம் வரை இதைச் செய்து பார்க்கலாம்:

படுக்கும்போது ஒரு குளியல் துண்டை முழங்கையைச் சுற்றி நாலு சுற்றுச் சுற்றி, ஒட்டுநாடாவால் தளர்வாக ஒட்டிவிடுங்கள். இறுக்கினால் காரியம் கெட்டது. முழங்கை முழுசாக மடங்காமல் இருந்தால் போதும், கம்பு மாதிரி நீட்டி வைக்க வேண்டியதில்லை. போனில் பேச இயர்போன். மேசை விளிம்பில் முழங்கை ஊன்றாமல் இருப்பது. முடியாவிட்டால் கீழே மெத்தென்று ஏதாவது போடுவது. பீடி சுற்றுகிறவர்களுக்கும் தறியில் உட்காருகிறவர்களுக்கும் வேலையை நிறுத்து என்று சொல்ல எனக்கு வாய் வராது. அரை மணிக்கொரு முறை கையை நீட்டித் தொங்கவிடுங்கள் என்றுதான் சொல்வேன்.

நரம்புச் சத்து மாத்திரை? பி12 குறைவாக இருப்பவருக்கு அது மருந்து. மற்றவர்களுக்குச் சந்தில் மாட்டிய நரம்பை மாத்திரை விடுவிக்காது. எண்ணெய் போட்டு உருவுவது முன்கைக்குச் சுகம்தான், ஆனால் அந்த எலும்பு முட்டுக்குப் பின்னால் கட்டை விரலால் அழுத்தி உருவினால் நைந்த நரம்பை இன்னும் நைக்கிறீர்கள். இதை வீட்டில் உருவி விடுகிறவரிடமும் சொல்லுங்கள்.

எப்ப தள்ளிப் போடக் கூடாது?

நான் இவ்வளவு எழுதியதே இந்தக் கேள்விக்காகத்தான்.

இரண்டு கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, புறங்கையில் கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே இருக்கும் சதையைப் பாருங்கள். ஒரு பக்கம் குழி விழுந்திருக்கிறதா? ஒரு காகிதத்தைக் கட்டை விரலுக்கும் ஆள்காட்டி விரலின் பக்கவாட்டுக்கும் நடுவே பிடித்து, வேறு யாரையாவது இழுக்கச் சொல்லுங்கள். பிடித்து நிறுத்தக் கட்டை விரலின் நுனிக் கணு மடங்குகிறதா? சட்டைப் பைக்குள் கை விடும்போது சுண்டு விரல் தனியாக விலகி வெளியே மாட்டுகிறதா? சோறு பிசையும்போது கடைசி இரண்டு விரல் நீளாமல் மடங்கியே நிற்கிறதா? இவற்றில் எது இருந்தாலும், மரப்பு விடாமல் இருபத்து நாலு மணி நேரமும் இருந்தாலும், துண்டு சுற்றிக்கொண்டு காத்திருக்கும் கட்டம் தாண்டிவிட்டது.

கணக்கைப் பாருங்கள். கெட்டுப்போன நரம்பு இழை ஒரு நாளைக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர்தான் வளரும். முழங்கையிலிருந்து உள்ளங்கைத் தசை வரைக்கும் ஒரு அடிக்குக் கொஞ்சம் குறைவு. வளர்ந்து போய்ச் சேரவே பத்து மாதம் பக்கம் ஆகும். கட்டளை வராத தசையோ ஒரு வருடம், ஒன்றரை வருடத்துக்கு மேல் காத்திருக்காது, நாராகிவிடும். ஏற்கெனவே எட்டு மாதம் தசை மெலிந்த கையோடு வந்தால் நரம்பு போய்ச் சேரும்போது அங்கே தசை இருக்காது.

ஆரணியிலிருந்து வந்த ஒரு நெசவுக்காரர், "வலியே இல்லியே தம்பி, அதான் வரல" என்றார். வலி இல்லாததுதான் இதில் மோசம். பல் வலித்தால் மறுநாளே ஓடுகிறோம். விரல் சத்தம் போடாமல் செத்துக்கொண்டிருந்தால், தீபாவளி போகட்டும், பொங்கல் போகட்டும் என்கிறோம்.

உள்ள இன்னா பண்றாங்க?

எளிய முறையில், முழங்கையின் உள்பக்கம் சில அங்குலம் கீறி, சந்தின் கூரையான நார்ப்பட்டையையும் மேலேயும் கீழேயும் நரம்பை இறுக்கும் பட்டைகளையும் வெட்டி விடுவார்கள். நரம்பை வெட்டுவதில்லை. அதன் மேல் இறுகியதைத்தான் வெட்டுகிறார்கள். நரம்பு இருந்த இடத்திலேயே இருக்கும்.

இன்னொரு முறையில் நரம்பை அதன் பள்ளத்திலிருந்து எடுத்து எலும்பு முட்டுக்கு முன்பக்கம், கொழுப்புக்கோ தசைக்கோ அடியில் வைப்பார்கள். அதற்கப்புறம் கையை மடக்கினாலும் நரம்பு இழுபடாது. கேட்கும்போது இதுதான் பெரிய வைத்தியம் என்று தோன்றும். ஆனால் சாதாரண முழங்கையில் இரண்டு முறையையும் ஒப்பிட்டுச் செய்த ஆய்வுகளில் பலன் ஏறக்குறைய ஒன்றாகவே வந்திருக்கிறது. இடம் மாற்றுவதில் காயத் தொல்லை கொஞ்சம் கூடுதல். கையை மடக்கும்போதெல்லாம் நரம்பு முட்டின் மேல் ஏறிக் குதிக்கிறவர்களுக்கும், பழைய முறிவால் கை வளைந்தவர்களுக்கும், ஒருமுறை செய்து திரும்ப வந்தவர்களுக்கும் இடமாற்றம் தேவைப்படும். எனக்கு எது, ஏன் என்று மருத்துவரிடம் கேளுங்கள். நல்ல மருத்துவர் கோபித்துக்கொள்ள மாட்டார்.

முழு மயக்கமா?

பெரும்பாலும் கை மட்டும் மரக்க ஊசி போதும். சில இடங்களில் முழு மயக்கம் தருவார்கள். அன்றே அல்லது மறுநாள் வீட்டுக்குப் போகலாம்.

எந்த டாக்டர், எந்த ஆஸ்பத்திரி, எவ்ளோ ஆகும்?

கை அறுவை நிபுணர், எலும்பு, பிளாஸ்டிக் சர்ஜரி, நரம்பு அறுவை மருத்துவர் என நாலு பேருமே இதைச் செய்வார்கள். பிரிவின் பெயரைவிட, அவர் இதை வழக்கமாகச் செய்கிறவரா என்பதே முக்கியம். பழைய வட ஆற்காட்டுக்காரர்களுக்குக் கிட்டத்தில் அடுக்கம்பாறை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும் சி.எம்.சி.யும் இருக்கின்றன. சி.எம்.சி.க்கு இப்போது ராணிப்பேட்டைப் பக்கமும் பெரிய வளாகம் உண்டு. எந்தப் பிரிவு எங்கே என்று விசாரிக்காமல் பஸ் ஏறி, அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்கு அலைந்தவர்கள் நிறைய.

செலவு இடத்துக்கு இடம் மாறும். முதலமைச்சர் காப்பீட்டு அட்டை இருந்தால் தேதி குறிக்கும் முன்பே அங்குள்ள காப்பீட்டு மேசையில் கேட்டுவிடுங்கள். தோல், ஷூ கம்பெனி ஆட்கள் ஈ.எஸ்.ஐ. அட்டையைப் பெட்டியில் பூட்டி வைத்துவிட்டுக் கையிலிருந்து செலவழிப்பதை அடிக்கடி பார்க்கிறேன்.

அப்புறம் எத்தினி நாளு கட்டு? பத்தியம் உண்டா?

எளிய முறை என்றால் கனத்த கட்டு சில நாள்தான். விரலையும் முழங்கையையும் சீக்கிரமே மெதுவாக அசைக்கச் சொல்வோம். அசைக்காமல் தூளியில் தொங்கவிட்டால் முழங்கை இறுகும், நரம்பும் புண் ஆறும் இடத்தில் ஒட்டிக்கொள்ளும். தையல் பிரிப்பது பத்து முதல் பதினாலு நாளில். நரம்பைத் தசைக்கடியில் மாற்றி வைத்திருந்தால் முழங்கை அசையாமல் இருக்க இரண்டு மூன்று வாரம் அச்சு (ஸ்ப்ளின்ட்) போட்டு வைப்பதுண்டு.

பத்தியம் இல்லை. கத்திரிக்காய் சாப்பிட்டால் புண் அரிக்கும் என்று பாட்டி சொல்வார். புவிசார் குறியீடு வாங்கிய முள் கத்திரிக்காய் விளையும் மாவட்டத்தில் இருந்துகொண்டு அதை ஒரு மாதம் விடுவது உங்கள் விருப்பம். மீன், முட்டை, பருப்பு புண் ஆற நல்லது. விட வேண்டியது பீடி, சிகரெட். சர்க்கரையைக் கட்டுக்குள் வைக்க வேண்டும்.

பண்ணியும் மரத்தே இருக்கே, ஃபெயிலா?

அவசரப்படாதீர்கள். முதலில் போவது இராத்திரித் தொல்லை. சிலருக்கு முதல் வாரத்திலேயே நன்றாகத் தூக்கம் வரும். உணர்ச்சி மாதக் கணக்கில் திரும்பும். பலம் கடைசியில், ஒரு வருடத்துக்கு மேலும் ஆகலாம். நாள்பட்ட மரப்பு கொஞ்சம் மிஞ்சிவிடுவதும் உண்டு. மெலிந்த தசைக்கு ஆபரேஷன் செய்வதன் முதல் நோக்கம் மேலும் போகாமல் நிறுத்துவது, திரும்ப வருவது கூடுதல் லாபம். இதை முன்பே சொல்லாமல் விட்டால் பிறகு மனம் விட்டுப்போகும்.

தழும்பைச் சுற்றித் தோல் மரத்திருப்பது சகஜம். அங்கே ஓடும் மெல்லிய தோல் நரம்பு அடிபட்டால் தழும்பைத் தொட்டாலே சுரீரென்று வலிக்கலாம். காயம் சிவந்து சூடாகி, சீழ் வடிந்தாலோ, ஆபரேஷனுக்கு முன் இருந்த பலம் திடீரென்று குறைந்தாலோ, அடுத்த தேதிவரை காத்திருக்காமல் போங்கள்.

உணர்ச்சி வரும்வரை அடுப்படியில் கவனம். மரத்த சுண்டு விரலின் பக்கவாட்டுத்தான் சூடான பாத்திரத்தில் முதலில் படும், கொப்புளம் வந்த பிறகுதான் தெரியும். தினமும் இரவு விளக்கு வெளிச்சத்தில் கையைத் திருப்பித் திருப்பிப் பார்க்கும் பழக்கத்தைத் தொழுநோயாளிகளுக்குச் சொல்லித் தருவார்கள். உங்களுக்கும் அது பொருந்தும்.

தசை முழுசா போயிடுச்சி. இனி ஒண்ணும் முடியாதா?

முடியும். பிராண்ட் இங்கே செய்துகாட்டிய நாண் மாற்று அறுவையின் வழிவந்த முறைகள் இன்றும் நடக்கின்றன. மடங்கிய விரலை நீட்டவும் சாவி பிடிக்கவும் வேறு தசையைக் கொண்டு வந்து வேலை வாங்குவார்கள். அதற்கு முன் விரல் கணுக்கள் இறுகாமல் இருக்க வேண்டும். அதனால் ஆபரேஷன் எப்போதோ, நாளைக்கே தொடங்க வேண்டியது, மடங்கிய விரல்களை மற்றக் கையால் தினம் நாலு முறை நீட்டி விடுவது.

வண்டி எப்ப ஓட்டலாம்? வேலைக்கு?

பிரேக்கையும் கிளட்சையும் சட்டென்று அழுத்திப் பிடிக்க முடிந்தால், அதுவும் மருத்துவர் சரி என்ற பிறகு. எளிய முறையில் பலருக்கு இரண்டு மூன்று வாரம். எழுத்து வேலை அதற்கு முன்பேகூட. கனம் தூக்குவது நாலு முதல் ஆறு வாரம், இடம் மாற்றியிருந்தால் இன்னும் தள்ளி. தண்ணீர்க் குடமும் கேஸ் சிலிண்டரும் கனம்தான். "சிலிண்டர உருட்டித்தான் சார் போனேன், தூக்கல" என்று சொல்லிக்கொண்டு ஒருவர் தையல் பிரிந்து வந்து நின்றார்.